ஆறு பேருக்கு ஐந்து கிளாஸ்

இன்று வியாழக்கிழமை காலை ஏழு மணி பத்து நிமிடத்துக்கு, விரிசல் விட்டிருந்த கிளாஸ் இரண்டாகப் பிளந்துவிட்டது. தகவல் தந்தவர் உன் அம்மா. நான் அந்த நேரம் மொட்டைமாடியில் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தேன், நேரில் பார்க்கவில்லை. அவள் சொன்னதை அப்படியே எழுதுகிறேன்: "டீயைத்தான் ஊத்துனேன். அரை கிளாஸ்கூட ஆகல. டிக்குனு ஒரு சத்தம். நீங்க ஒட்டுன கோட்டு வழியாவே வாயப் பொளந்துக்கிச்சு." நான் இறங்கிவந்து பார்த்தபோது அடுப்பு மேடையிலிருந்து டீ சொட்டிக்கொண்டிருந்தது. நேற்று மாலை இதே கிளாஸ் பச்சைத் தண்ணீரை இரண்டு மணி நேரம் ஒரு சொட்டு ஒழுகாமல் தாங்கியது. அதற்குச் சாட்சி நான். ஆக, தம்பி, வரும் ஞாயிற்றுக்கிழமை நம் வீட்டில் டீ குடிக்கப்போகிறவர்கள் ஆறு பேர், கிளாஸ் ஐந்து. அந்த ஐந்திலும் ஒன்று இன்னும் முழுதாகத் தேறவில்லை.

இதைப் போனிலேயே சொல்லியிருக்கலாம். சொன்னால் "விடுப்பா, புதுசு வாங்கிக்கலாம்" என்பாய். புதுசு ஏன் கூடாது என்பதை நான் விளக்க வேண்டும். விளக்கப் போனால் வேறொன்றையும் சொல்ல வேண்டியிருக்கும். அந்த வேறொன்று எனக்கே சரியாகப் பிடிபடவில்லை. முப்பத்தொரு வருஷம் இந்தக் கரையிலிருந்து செய்தி அனுப்பியவன் நான். எது நடந்தது, எது நடந்ததாகச் சொல்லப்படுகிறது, எது தெரியாது என்று மூன்றாகப் பிரித்துப்போடத் தெரியும் என்று நினைத்திருந்தேன். இந்த வாரம் மூன்றும் ஒன்றோடு ஒன்று கலந்துகிடக்கின்றன. எழுதினால் பிரியுமா என்று பார்க்கிறேன்.

நீ அறிந்ததிலிருந்தே ஆரம்பிக்கிறேன். ஞாயிறு பதினொரு மணிக்கு ரேவதியின் அம்மா கனகா, அப்பா, தாய்மாமன் மூவரும் மாப்பிள்ளை வீடு பார்க்க வருகிறார்கள். நம் பக்கம் நீ, நான், உன் அம்மா. பெண் வீட்டார் இப்படி வரும்போது, பிடித்தால் கை நனைப்பார்கள்; பிடிக்காவிட்டால் "வெயில்ல வந்தது, வயிறு சரியில்ல" என்று எதையாவது சொல்லிவிட்டுத் தண்ணீர்கூடத் தொடாமல் எழுந்துபோவார்கள். அது இங்கே எல்லாருக்கும் தெரிந்த பாஷை. அவர்கள் குடியிருப்பது காலனியில், நாம் ஊரில். நடுவில் ஒரு தார் ரோடு. அந்த ரோட்டைத் தாண்டி அவர்கள் நம் வீட்டுக்குள் வந்து உட்காரப்போவது இதுதான் முதல் முறை. அந்தப் பக்கத்து வீடுகளில் நான் செய்தியாளனாகப் போய் உட்கார்ந்து டீ குடித்திருக்கிறேன். அது வேறு என்பது எனக்கும் தெரியும்.

போன ஞாயிறு நான் திண்டிவனம் போய் ஆறு புதுக் கிளாஸ் வாங்கிவந்தேன். விளிம்பில் தங்கக் கோடு போட்டவை. உன் அம்மாவும் நன்றாயிருக்கிறது என்றாள். நான் அவற்றை வரிசையாக வைத்துப் போட்டோ எடுத்து ரேவதிக்கு அனுப்பினேன். அவள் சந்தோஷப்படுவாள் என்று நினைத்தேன். மறுநாள் காலை அவளே கூப்பிட்டாள்.

"அங்கிள், ஒண்ணு சொல்லட்டுங்களா? தப்பா எடுத்துக்காதீங்க."

"சொல்லும்மா."

"அந்தப் புதுக் கிளாஸ் வேணாங்க அங்கிள். அம்மா கண்ணு மொதல்ல கிளாஸ்லதான் போய் நிக்கும். புதுசா பளபளன்னு இருந்திச்சின்னா, 'நமக்குன்னு தனியா வாங்கி வெச்சிருக்காங்க'ன்னு நெனச்சிடுவாங்க. நீங்க டெய்லி குடிக்கிறீங்கல்ல, அதுலயே குடுங்க. அதுல அவங்க ஒரு வாய் குடிச்சிட்டாங்கன்னா எல்லாம் முடிஞ்ச மாதிரி."

நான் மரியாதை என்று நினைத்து வாங்கியது அங்கே போய் எப்படித் தெரிகிறது, பார். சரியம்மா என்று வைத்துவிட்டேன். பெட்டியோடு அந்த ஆறும் இப்போது பீரோவுக்கு மேலே இருக்கின்றன. தனிக் கிளாஸ் என்றால் டீக்கடை வாசலில் காலனிக்காரர்களுக்கென்று ஒதுக்கிவைத்திருப்பதுதான் என்று எனக்கு எண்ணம். அதைப் பற்றி எழுதியிருக்கிறேன், இரண்டு முறை. தங்கக் கோடு போட்டும் தனிக் கிளாஸ் இருக்கும் என்று எனக்குத் தோன்றவே இல்லை.

நாம் தினமும் குடிப்பவை உனக்குத் தெரிந்த அந்த வரிபோட்ட ஆறு கிளாஸ்கள். டீக்கடைகளிலேயே காலம் கழித்ததால் எனக்கு எவர்சில்வர் டம்ளரில் டீ இறங்காது என்று வாங்கியது. அவற்றை எடுத்துக் கழுவிப் பார்த்தால், நான்கு நன்றாக இருந்தன. ஒன்றில் மேலிருந்து பாதிவரை விரிசல். இன்னொன்றின் விளிம்பில் அரிசி அளவுக்கு ஒரு சில்லு போயிருந்தது. அந்த இரண்டையும் உன் அம்மா எப்போதோ ஒதுக்கி அலமாரியின் பின்னால் தள்ளிவிட்டிருக்கிறாள். அவள் கொள்கை உனக்குத் தெரியும்: விளிம்பு போனது வீட்டுக்கு ஆகாது. அதே மாதிரி வாங்கலாம் என்று மரக்காணம் கடைத்தெருவில் மூன்று கடை ஏறி இறங்கினேன். அந்த வரி இப்போது வருவதில்லை என்றார்கள். அதனால் செவ்வாய்க்கிழமை இரண்டையும் துணியில் சுற்றிக்கொண்டு கோட்டக்குப்பம் போனேன். அங்கே பஷீர் பாய் என்று ஒருவர், பதினாறு வருஷம் வளைகுடாவில் கார் முன்கண்ணாடி விரிசலை அடைக்கும் வேலை பார்த்துவிட்டு வந்து, இப்போது அதே வேலைக்குச் சின்னதாகக் கடை போட்டிருக்கிறார். பழைய பழக்கம்.

அவர் என் ஸ்கூட்டருக்குப் பின்னால் எட்டிப் பார்த்தார். "கார் எங்க சார்?"

நான் துணியைப் பிரித்தேன்.

"யா அல்லா. நியூஸு ஒண்ணும் கிடைக்கலையா சார், டீ கிளாஸைத் தூக்கிக்கினு வந்துட்டீங்க?"

"வீட்டு விசேஷம் பாய். இதேதான் வேணும்."

அவர் அதற்குமேல் கேட்கவில்லை. விரிசல் விட்டதை வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "இத்த நான் அடைச்சுத் தர்றேன். கோடுகூட தெரியாது. ஆனா இது கார் கண்ணாடிக்கு வர்ற பசை. வயித்துக்குள்ள போற சாமானுக்கு இல்ல. சூடும் தாங்காது. ஷோகேஸுல வெச்சிக்கலாம், டீ ஊத்தாதீங்க." பிறகு சில்லு போனதை எடுத்து விளிம்பில் நகத்தை ஓட்டினார். "இது பொழச்சிக்கும். தேய்ங்க. அவசரப்படாம தேய்ங்க."

அவர் சொல்லியும் விரிசல் கிளாஸை அடைத்து வாங்கிக்கொண்டேன். பசைக் குழாயின் மேல் பொடி எழுத்தில் எழுதியிருந்ததையும் படித்தேன். உணவுப் பாத்திரத்துக்கு ஆகாது என்றுதான் இருந்தது. தெரிந்தே செய்தேன். எண்ணிக்கை ஆறு ஆக வேண்டும் என்ற ஒரே நினைப்பு. ஏன் என்று கேட்டால் இப்போது எனக்கு விளங்கவில்லை. இன்று காலை உன் அம்மாவிடம் எடுத்துக் கொடுத்தவனும் நானே: "சூடு தாங்குதான்னு ஊத்திப் பாரு, குடிச்சிடாத" என்று சொல்லிவிட்டுத்தான் மாடிக்குப் போனேன். அவள் கையில் ஊற்றிக்கொள்ளவில்லை என்பது அவள் சாமர்த்தியம். இதை நீ எங்காவது செய்ய நேர்ந்தால் இப்படிச் செய்யாதே. விரிசல் விட்ட கிளாஸ் குடிப்பதற்கு இல்லை. பேனா போட்டுவைக்கலாம்.

தேய்ப்பது வேறு. அதை உனக்கு விவரமாகச் சொல்கிறேன், எப்போதாவது பயன்படும். பெயின்ட் கடையில் தண்ணீர் போட்டுத் தேய்க்கும் உப்புக்காகிதம் கிடைக்கும். வாட்டர் பேப்பர் என்று கேள். சொரசொரப்பு அதிகமானது ஒன்று, நடுத்தரம் ஒன்று, மிக நைஸ் ஒன்று. காகிதத்தை ஒரு பென்சிலில் சுற்றி, கிளாஸை வாளித் தண்ணீருக்குள் பாதி அமிழ்த்திப் பிடித்து, சில்லு போன இடத்தை உள்ளிருந்து வெளியே பார்க்க மெதுவாகத் தேய்க்க வேண்டும். காயவிடக் கூடாது, காய்ந்தால் கண்ணாடித் தூள் பறந்து மூச்சுக்குள் போகும். மூக்கில் துணி கட்டிக்கொள்வது நல்லது. பள்ளத்தை நிரப்ப முடியாது. அதைச் சுற்றி உள்ள விளிம்பைத் தாழ்த்தி, பள்ளம் இருந்த இடம் தெரியாமல் சரிவாக்கலாம், அவ்வளவுதான். பிறகு நடுத்தரம், பிறகு நைஸ். தேறிவிட்டதா என்று விரலால் பார்க்காதே, பஞ்சை எடுத்து விளிம்பைச் சுற்றி ஓட்டு. பஞ்சின் இழை எங்கே மாட்டுகிறதோ அங்கே இன்னும் கூர் இருக்கிறது. விரலுக்குத் தெரியாதது பஞ்சுக்குத் தெரியும். விரலுக்குத் தெரியாதது உதட்டுக்கும் தெரியும்.

உதடு என்று எழுதியதும் நின்றுவிட்டேன். சொல்ல வேண்டியது இதுதான்.

ரேவதி அன்று போனை வைப்பதற்கு முன் இன்னொன்றும் சொன்னாள். சாதாரணமாகத்தான் சொன்னாள். "அம்மாவுக்கு உங்க மச்சான் அளமெல்லாம் நல்லாத் தெரியும் அங்கிள். நான் ஒண்ணாவது படிக்கிறப்ப ரெண்டு வருஷம் அங்கதான் உப்பு வாரிட்டு இருந்தாங்க." உன் மாமா குத்தகைக்கு எடுத்திருந்த உப்பளத்தைச் சொல்கிறாள். அவள் ஒண்ணாவது படித்தபோது நீ நாலாவது. அந்த வருஷம் உனக்கு நினைவிருக்கிறதா? நீ இரண்டு கண்ணாடி கிளாஸ்களைக் கையில் வைத்து மணி அடிப்பதுபோல மோதிப்பார்த்தாய். இரண்டுக்கும் விளிம்பு போனது. உன் அம்மா உன்னைத் திட்ட, நீ கட்டிலுக்கு அடியில் போய் உட்கார்ந்துகொண்டாய். நான் குனிந்து உன்னிடம் சொன்னேன்: "அழாத. எதுவும் வீணாப் போகல. மாமாவோட அளத்துக் கொட்டாய்ல கொண்டுபோய்க் குடுத்துடலாம், அங்க டீ குடிக்க ஆகும்." நீ கண்ணைத் துடைத்துக்கொண்டு வெளியே வந்தாய். ஒரு பொருளை வீணாக்கக் கூடாது என்று உனக்கு நல்ல பாடம் சொல்லிக்கொடுத்ததாக நான் நினைத்தேன். நம் வீட்டில் அதுதான் வழக்கம். விளிம்பு போனது வீட்டுக்கு ஆகாது, தூக்கிப்போடவும் மனசு வராது, அளத்துக்குப் போகும். அது அங்கே யாருக்கு ஆகும் என்று நம்மில் யாரும் கேட்டுக்கொண்டதில்லை.

இரண்டையும் மஞ்சள் பையில் போட்டு எடுத்துப்போனவன் நான். இரண்டு நாள் கழித்து ஒரு கோடை மழை பெய்து, வாரிக் குவித்திருந்த உப்பு கரைந்து ஓடியது. அந்தச் செய்திக்காக மறுபடி அளத்துக்குப் போனேன். பத்து மணி இருக்கும். கொட்டாயில் டீ வந்திருந்தது. வரப்பு மேல் நின்று உன் மாமாவிடம் எவ்வளவு உப்பு போயிற்று என்று கேட்டு எழுதிக்கொண்டிருந்தேன். நாலைந்து அடி தள்ளி ஒரு பெண் டீ குடித்துக்கொண்டிருந்தார். வெயிலுக்கும் உப்பின் கண்கூச்சத்துக்கும் தலையோடு முகத்தையும் சேர்த்துத் துண்டால் கட்டியிருந்தார். டீக்காக வாயை மட்டும் விலக்கியிருந்தார். பக்கத்தில் இருந்தவர் சொன்னார்: "இன்னாம்மா, ஒதட்டுல ரத்தம் வருது பாரு."

அந்தப் பெண் கையால் துடைத்தார். அந்தக் கை காலையிலிருந்து உப்புத் தண்ணீரில் இருந்த கை. ஸ்ஸ் என்று ஒரு சத்தம், அவ்வளவுதான். "கிளாஸு கடிச்சிடுச்சி" என்றார். இரண்டு பேர் சிரித்தார்கள். மீதி டீயை வரப்பில் ஊற்றிவிட்டு, கிளாஸைக் கழுவி, கொட்டாய்ப் பலகையில் கவிழ்த்துவைத்துவிட்டுப் பாத்திக்குள் இறங்கிப்போனார். உடைத்துப்போடவில்லை. அதுவும் என் நினைவில் இருக்கிறது. கவிழ்த்துவைத்தார். நான் கரைந்த உப்பின் கணக்கை எழுதி முடித்து, போட்டோ எடுத்து, கிளம்பிவிட்டேன். செய்தி மறுநாள் நாலு பத்தியில் வந்தது. அந்தக் கிளாஸ் நம் வீட்டுக் கிளாஸ் என்று அப்போதே எனக்குத் தெரிந்திருந்ததா? இந்த வாரம் முழுக்க இதைத்தான் என்னையே கேட்டுக்கொண்டிருக்கிறேன். தெரிந்திருந்தது என்று ஒரு நாள் தோன்றுகிறது. இல்லை, இப்போது தெரிந்ததை அப்போதைக்கு ஏற்றிச் சொல்கிறேன் என்று மறுநாள் தோன்றுகிறது. அந்தக் குறிப்பேட்டை எடுத்துப் பார்த்தேன். உப்பு இருக்கிறது, மழை இருக்கிறது, உன் மாமா சொன்னது இருக்கிறது. கிளாஸ் இல்லை.

அந்தப் பெண் ரேவதியின் அம்மாதானா என்பது உறுதியாகவில்லை. புதன்கிழமை உன் மாமாவிடம் கேட்டேன். இந்தக் கல்யாணத்தில் அவருக்கு இருக்கும் மனஸ்தாபம் உனக்குத் தெரியும். "ஏன் மாப்ள, அப்ப முப்பது நாப்பது பேரு வாருவாங்க. எல்லாம் மூஞ்சில துண்டு கட்டியிருக்கும். எதுக்கு இப்ப இது? வேணான்னு சொல்றதுக்கு ஏதாவது தேடுறியா?" என்றார். இல்லை என்றேன். நம்பவில்லை. நீ அனுப்பிய போட்டோவில், கோயில் வாசலில் ரேவதியோடு அவள் அம்மா நிற்கிறார்களே, அதைப் பெரிதாக்கிப் பார்த்தேன். மேலுதட்டில் இடது பக்கம் ஒரு சின்ன வெள்ளைக் கீற்று மாதிரி இருக்கிறது. உன் அம்மாவிடம் காட்டினேன். வெளிச்சம் பட்டது என்றாள். நான் ஒரு செய்தியை அனுப்ப இரண்டு பேராவது தனித்தனியாகச் சொல்ல வேண்டும் என்று வைத்திருந்தவன். இங்கே ஒருவர் தெரியாது என்கிறார், இன்னொருவர் வெளிச்சம் என்கிறார். ரேவதியிடமே கேட்கலாம். போனை இரண்டு முறை எடுத்து வைத்துவிட்டேன்.

இன்று காலை அந்தக் கிளாஸ் பிளந்த பிறகு, மேடையைத் துடைத்துக்கொண்டே உன் அம்மாவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். இருபது வருஷமாக அவளிடம் சொல்லாதது. அவள் கண்ணாடித் துண்டுகளைப் பேப்பரில் மடித்துக்கொண்டிருந்தாள்.

"ஒதுக்கி வெச்சது நானு. தூக்கினு போனது நீங்க. ரெண்டு பேருந்தான். நீங்க மட்டும் ஏன் தனியாக் கெடந்து உருள்றீங்க?"

"அவங்கதானான்னு தெரியலையே."

"அவங்க இல்லன்னா? வேற யாரோ ஒருத்தி. அப்ப பரவாயில்லையா?"

அவள் பொட்டலத்தின் மேல் 'கண்ணாடி' என்று பேனாவால் பெரிதாக எழுதினாள், குப்பை வாங்க வருகிறவர் கையை அறுத்துக்கொள்ளக் கூடாது என்று. இதை அவள் எப்போதிலிருந்து செய்கிறாள் என்று எனக்குத் தெரியாது. பிறகு ஞாயிற்றுக்கிழமை ஏற்பாட்டைச் சொன்னாள். "வந்தவங்க மூணு பேருக்கும் நல்ல கிளாஸு. உங்க பிள்ளைக்கு ஒண்ணு. நான் அவங்ககூட உக்காந்து குடிக்கணும், நான் குடிக்கலன்னா அதுவே தப்பாப் போயிடும். நீங்க தேச்சு வெச்சிருக்கீங்கல்ல, அது எனக்கு. நீங்க கடைசில குடிங்க. யாரு மொதல்ல முடிக்கிறாங்களோ, அந்தக் கிளாஸைக் கழுவிக்கினு."

"விளிம்பு போனது வீட்டுக்கு ஆகாதுன்னு சொல்லுவியே."

"ஆகாதுதான். போங்க, போய்த் தேய்ங்க."

கோபமாகச் சொன்னாளா, வேறு மாதிரியா, பிரித்துச் சொல்ல முடியவில்லை.

உனக்கு அறிவுரை சொல்லத்தான் உட்கார்ந்தேன். கல்யாணம் ஆகப்போகிற பிள்ளைக்கு அப்பா நாலு வார்த்தை எழுத வேண்டும் என்று உன் அம்மாவே போன மாதம் சொன்னாள். இவ்வளவு எழுதிய பிறகு என்னிடம் இருப்பது அறிவுரை இல்லை, கேள்விதான். நான் ஞாயிற்றுக்கிழமை அந்தக் கிளாஸ் விஷயத்தைக் கனகாவிடம் சொல்ல வேண்டுமா? அவராக இருந்து நான் சொல்லாவிட்டால், அந்த டீ நன்றாக இருக்கிறது என்று அவர் சிரிக்கும்போது நான் எங்கே பார்ப்பது? அவராக இல்லாமல் நான் சொன்னால், மகள் வாழப்போகிற வீட்டின் முதல் பேச்சாக அவர் கேட்பது, இந்த வீட்டுக்காரர்கள் உடைந்ததை அளத்துக்கு அனுப்பிக்கொண்டிருந்தவர்கள் என்பது. சொல்லிவிட்டால் என் மனசு லேசாகும், அவருக்குக் கனம் ஏறும். எனக்காகச் சொல்கிறேனா, அவருக்காகவா என்பதுகூட எனக்குத் தெரியவில்லை. நீ ரேவதியோடு மூன்று வருஷமாகப் பழகுகிறாய். அவள் வீட்டில் உன்னை எந்தக் கிளாஸில் குடிக்கவைத்தார்கள், நீ அதைக் கவனித்தாயா? கவனிக்கவில்லை என்றால் அதுவே ஒரு பதில்; நம் வீட்டுப் பிள்ளைக்குக் கவனிக்க வேண்டிய அவசியம் வந்ததில்லை. இனி கவனி. ஒன்று மட்டும் தெரிந்து சொல்கிறேன்: ரேவதி "அம்மா கண்ணு மொதல்ல கிளாஸ்லதான் போய் நிக்கும்" என்று சொன்னபோது, என்னை நம்பிச் சொன்னாள். அப்படி அவள் உன்னிடம் ஏதாவது சொல்லும்போது, "விடு, அதெல்லாம் ஒண்ணுமில்ல" என்று சொல்லிவிடாதே. நான் சொல்லியிருப்பேன், உன் வயதில்.

இப்போதைக்கு நிலுவையில் உள்ளவை. தேய்த்த கிளாஸில் மூன்று நாளாக நான்தான் தண்ணீர் குடித்துப் பார்க்கிறேன். உதட்டில் எதுவும் படவில்லை. ஆனால் பஞ்சு இன்னும் ஓரிடத்தில் மாட்டுகிறது. நாளை மாலைக்குள் அதுவும் நின்றுவிடும் என்று எதிர்பார்க்கிறேன். அதற்குள் நிற்காவிட்டால் அந்தக் கிளாஸ் உன் அம்மா கைக்குப் போகாது. நீ சனிக்கிழமை மாலை பஸ்ஸை விட்டு இறங்கும்போது நான் ஸ்டாண்டில் நிற்பேன்; வீட்டுக்கு நடந்துவரும் கால்மணி நேரத்துக்குள் நான் சொல்லவேண்டுமா, வேண்டாமா என்று உன் பதில் வேண்டும். கனகா நம் வீட்டில் டீ குடிப்பாரா என்பது ஞாயிறு பதினொன்றரைக்குள் தெரிந்துவிடும். அன்று அளத்தில் கிளாஸைக் கவிழ்த்துவைத்துவிட்டுப் போனவர் அவர்தானா என்பது எப்போது தெரியும் என்று சொல்வதற்கில்லை. அவராகச் சொன்னால் உண்டு.